கிளென் டோமன்

கிளென் டோமன் (ஆகஸ்ட் 26, 1919 – மே 18, 2013) ஓர் அமெரிக்க இயன்முறை மருத்துவர். பள்ளி செல்லும் வயதுக்கு வெகு முன்பே குழந்தையின் மூளையைத் தூண்டிக் கற்பிக்கலாம் என்னும் கருத்தைப் பெற்றோரிடையே பரப்பிய முன்னோடிகளுள் ஒருவர். குழந்தைக்கு வாசிக்கக் கற்பிப்பது குறித்து 1964இல் இவர் எழுதிய நூல் பல மொழிகளில் வெளிவந்து இவருக்குப் புகழ் தேடித் தந்தது. எனினும் இவருடைய சிகிச்சை முறையை மருத்துவ உலகம் ஏற்கவில்லை.

வாழ்க்கை

டோமன் 1940இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் இயன்முறை மருத்துவம் பயின்று தேறினார். இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கக் காலாட்படையில் பணியாற்றி வீர விருதுகள் பெற்றார். போருக்குப் பின் பிலடெல்பியாவில் டெம்பிள் ஃபே என்னும் நரம்பியல் அறுவை மருத்துவருடன் பணிபுரிந்தார். மனித ஆற்றலை எய்துவதற்கான நிறுவனத்தை 1955இல் அங்கே தொடங்கினார். கல்வி உளவியலாளர் கார்ல் டெலகாட்டோவும், டோமனின் சகோதரரும் மருத்துவருமான ராபர்ட் டோமனும் இப்பணியில் உடனிருந்தனர்.

சிகிச்சை முறை

மீன், நீர்நில வாழ்வன, ஊர்வன, பாலூட்டி என்னும் படிவளர்ச்சி வரிசையை மனிதக் குழந்தையின் அசைவுகளும் பின்பற்றுகின்றன என்று ஃபே கருதினார். இதனைக் கொண்டு, மூளை பாதிப்புற்ற குழந்தையை ஊர்தல், தவழ்தல் ஆகிய படிகளின் வழியே மீண்டும் நடத்திச் சென்றால் மூளை சீரடையும் என்று டோமன் குழுவினர் வாதிட்டனர். குழந்தையை மேசைமீது கிடத்தி, பெரியவர்கள் சிலர் சுற்றி நின்று தலை, கை, கால்களைத் தாளகதியில் அசைப்பர். ஒவ்வொரு முறையும் ஐந்து நிமிடம். ஒரு நாளில் பலமுறை. வாரத்தின் ஏழு நாளும். பெற்றோரால் மட்டும் இயலாதாகையால் அக்கம்பக்கத்தாரும் உதவ வேண்டியிருந்தது.

மூளை பாதிப்புற்ற குழந்தைகள் பலர் விடுதிகளில் ஒதுக்கி விடப்பட்ட காலம் அது. உங்கள் வீட்டிலேயே, உங்கள் கையாலேயே முடியும் என்ற சொல் பெற்றோரை எவ்வளவு ஈர்த்திருக்கும் என்பதை எளிதில் உணரலாம்.

வாசிப்பும் எண்ணும்

இதே எண்ணத்தை டோமன் பாதிப்பில்லாத குழந்தைகளுக்கும் விரித்தார். அட்டையில் பெரிய சிவப்பு எழுத்துகளில் ஒரு சொல் எழுதப்படும். தாய் அதை நொடிப்பொழுது காட்டி உரக்கச் சொல்வார். அம்மா, அப்பா என்பவற்றில் தொடங்கி உடலுறுப்புகள், வீட்டுப் பொருள்கள் எனச் சொற்கள் விரியும். குழந்தை சலிப்படையும் முன்பே நிறுத்த வேண்டும், தேர்வு வைக்கக் கூடாது என்பவை இவர் வலியுறுத்திய விதிகள். இவ்விரண்டும் இன்றும் நல்ல அறிவுரைகளே.

கணக்கிற்குச் சிவப்புப் புள்ளிகள் இட்ட அட்டைகளைப் பயன்படுத்தினார். எத்தனை புள்ளிகள் என்பதைக் கைக்குழந்தை எண்ணாமலே கண்டுகொள்ளும் என்றார். ஆனால் ஒரே பார்வையில் தவறின்றி அறியக்கூடியது ஏறத்தாழ நான்கு பொருள்கள் வரை மட்டுமே என்பது பெரியவர்களிடம் செய்த ஆய்வுகளிலும் தெரிந்தது.

விமர்சனங்கள்

1960இல் அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் டோமன் குழுவினர் 76 குழந்தைகளைப் பற்றிய கட்டுரை வெளியிட்டனர். அதில் ஒப்பீட்டுக் குழு இல்லை. வளரும் குழந்தை சிகிச்சையின்றியும் ஓரளவு முன்னேறும் என்பதால் இது பெருங்குறை ஆகும். 1978இல் வெளியான ஸ்பாரோ, சிக்லர் ஆகியோரின் ஆய்வில் ஒப்பீட்டுக் குழுக்கள் இருந்தன. சிகிச்சை பெற்ற குழந்தைகள் மற்றவர்களைவிடச் சிறந்திருக்கவில்லை.

அமெரிக்கக் குழந்தை மருத்துவக் கழகம் 1968, 1982, 1999 ஆகிய ஆண்டுகளில் இம்முறையின் பயன் நிறுவப்படவில்லை என அறிவித்தது. குடும்பத்தின் பொருள்வளம் கரைவதையும், பெற்றோர், உடன்பிறந்தோர் உறவுகள் நெருக்கடிக்கு உள்ளாவதையும் அது சுட்டியது.

கைக்குழந்தைகளுக்கு வாசிப்புக் கற்பிக்கும் வணிகப் பொருள் ஒன்றை சூசன் நியூமன் குழுவினர் 117 குழந்தைகளிடம் ஏழு மாதங்கள் சோதித்து 2014இல் முடிவை வெளியிட்டனர். அக்குழந்தைகள் வாசிக்கக் கற்கவில்லை. ஆயினும் தம் குழந்தை கற்றுக்கொண்டு வருவதாகவே பெற்றோர் நம்பினர்.