புதிரும் போட்டித் தேர்வும்

போட்டித் தேர்வு என்றதும் நம் மாணவர் பலருக்கும் நினைவுக்கு வருவது தடித்த பொது அறிவு நூல்தான். எந்த ஆண்டில் எந்தப் போர் நடந்தது, எந்த ஆறு எங்கே பிறக்கிறது என்று இரவும் பகலும் உருப்போடுகிறோம். ஆனால் வினாத்தாளில் உருப்போட்டு விடையளிக்க முடியாத ஒரு பகுதியும் உண்டு. ஐவர் ஒரு வரிசையில் அமர்ந்திருக்கிறார்கள். இரு முனைகளிலும் இருப்பவர் யார்? ஒருவர் தெற்கே நடந்து மேற்கே திரும்புகிறார். இப்போது அவர் எத்திசையில் நிற்கிறார்? இத்தகைய தருக்கப் புதிர்களுக்கு எந்த நூலிலும் விடை எழுதி வைக்கப்படவில்லை. வினாவுக்குள்ளேயே விடை ஒளிந்திருக்கிறது.

சில மாதங்களுக்கு முன் இறுதியாண்டு மாணவி ஒருவர் என்னிடம் வந்தார். அவர் தந்தை ரப்பர்த் தோட்டத்தில் பால்வெட்டும் தொழிலாளி. தமிழையும் பொது அறிவையும் கருத்தாகப் படித்திருந்தார். "கடைசியில வர்ற 25 கேள்வியையும் விட்டுடலாம்னு இருக்கேன் ஸார். அது கணக்குப் படிச்சவங்களுக்கு உள்ளது. நமக்கு அது செரிப்பட்டு வராது" என்றார். அன்று அவருக்குச் சொன்ன மறுமொழியின் விரிவே இக்கட்டுரை.

விடுவதால் வரும் இழப்பு

தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் நடத்தும் குரூப் 4 தேர்வை எடுத்துக்கொள்வோம். பத்தாம் வகுப்புத் தேர்ச்சியே இதற்குப் போதுமான தகுதி என்பதால் நம் மாவட்டத்து இளைஞர்கள் பெரும்பாலோர் முதலில் எழுதுவது இதைத்தான். மூன்று மணி நேரம், 200 வினாக்கள், 300 மதிப்பெண்கள். தமிழில் 100 வினாக்கள், பொது அறிவில் 75, திறனறிவும் நுண்ணறிவும் சேர்ந்த பகுதியில் 25. வினா ஒன்றுக்கு ஒன்றரை மதிப்பெண். ஆகவே அந்த 25 வினாக்களை விட்டுவிடுபவர் முப்பத்தேழரை மதிப்பெண்ணை எழுதும் முன்பே இழந்துவிடுகிறார். ஒன்றரை மதிப்பெண்ணிலேயே தரவரிசை வெகுதூரம் மாறிவிடும் தேர்வில் இது சிறிய இழப்பன்று.

மத்திய அரசுத் தேர்வுகளிலோ இதன் பங்கு இன்னும் பெரிது. பணியாளர் தேர்வாணையம் பட்டதாரிகளுக்கு நடத்தும் ஒருங்கிணைந்த தேர்வின் முதற்கட்டத்தில் 100 வினாக்களில் 25 இவ்வகையைச் சேர்ந்தவை. மொத்த நேரம் 60 நிமிடமே. குடிமைப்பணி முதனிலைத் தேர்வில் 2011-ஆம் ஆண்டு முதல் திறனறிவுக்கெனத் தனித்தாளே இருக்கிறது. 2015 முதல் அதில் 33 விழுக்காடு பெற்றால் போதும் என்றாயிற்று. ஆயினும் அதைப் பெறாதவரின் மற்றத் தாள் திருத்தக் கணக்கில் சேராது.

புதிர் நமக்குப் புதிதன்று

"இது கணக்குப் படித்தவர்களுக்கு உரியது" என்பது சரியா? நம் வீட்டுத் திண்ணையை நினைத்துப் பாருங்கள். புலி, ஆடு, புல்லுக்கட்டு மூன்றையும் ஆற்றின் அக்கரைக்குக் கொண்டு செல்ல வேண்டும், தோணியில் ஆளுடன் ஒன்றுக்குத்தான் இடம், ஆளில்லாத வேளையில் புலி ஆட்டைத் தின்னும், ஆடு புல்லைத் தின்னும், என்ன செய்வது? இந்தக் கதையைப் பாட்டியிடம் கேளாதவர் நம்மில் யார்? ஐரோப்பாவில் ஓநாய், ஆடு, முட்டைக்கோசு என்று இதே புதிர் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக வழங்கி வருகிறது.

நம் பழையாற்றையே அந்த ஆறாகக் கொள்வோம். முதலில் ஆட்டை அக்கரை சேர்க்கிறோம், தனியே திரும்புகிறோம். அடுத்துப் புலியைக் கொண்டு போகிறோம். திரும்பும்போது ஆட்டை மீண்டும் இக்கரைக்கே அழைத்து வருகிறோம். பின் புல்லுக்கட்டைச் சேர்த்துவிட்டுத் தனியே திரும்பி, இறுதியில் ஆட்டைக் கொண்டு செல்கிறோம். மொத்தம் ஏழு பயணங்கள். முடிச்சு எங்கே இருக்கிறது? கொண்டு சேர்த்த ஆட்டைத் திரும்பக் கொண்டுவர மனம் ஒப்புவதில்லை. அங்கேதான் எல்லோரும் தடுமாறுகிறோம். வைத்ததை எடுக்கத் துணிந்தால் வழி திறக்கிறது. தேர்வு மண்டபத்திலும் இதே துணிவு வேண்டும்.

பாட்டி கதை மட்டுமன்று, நம் இலக்கியமும் தருக்கத்தை அறியும். மணிமேகலையின் 29-ஆம் காதையில் அறவண அடிகள் காஞ்சியில் மணிமேகலைக்குச் சொல்லும் அறிவுரையில் பெரும்பகுதி அளவை இயலே. 'இம்மலையில் நெருப்பு உண்டு' என்பது பக்கம். 'புகை இருப்பதால்' என்பது ஏது. 'அடுக்களையைப் போல' என்பது திட்டாந்தம். இம்மூன்றையும் விளக்கியதோடு, சரிபோலத் தோன்றி ஏமாற்றும் போலிகளையும் அவர் வகைப்படுத்திக் காட்டுகிறார். இன்று கொள்குறி வினாவில் நான்கு விடைகளுக்குள் மூன்று போலிகளை வைத்து நம்மைச் சோதிக்கிறார்கள்.

மனத்தில் வைக்காதீர், தாளில் வையுங்கள்

புதிருக்கு அஞ்சுவோர் பெரும்பாலும் அதை மனத்துக்குள்ளேயே தீர்க்க முயல்பவர்கள். ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம்.

தோவாளை, சுசீந்திரம், பூதப்பாண்டி, குளச்சல், தக்கலை ஆகிய ஊர்களிலிருந்து ஊருக்கு ஒருவராக வந்த ஐந்து மாணவர்கள் வடக்கு நோக்கி ஒரே வரிசையில் அமர்ந்திருக்கிறார்கள். குளச்சல் மாணவர் சரிநடுவில் இருக்கிறார். பூதப்பாண்டி மாணவருக்கு வலப்புறம் அடுத்து இருப்பவர் தோவாளை மாணவர். சுசீந்திரம் மாணவர் எந்த முனையிலும் இல்லை. பூதப்பாண்டி மாணவர் குளச்சல் மாணவருக்கு அடுத்து இல்லை. முனைகளில் இருப்பவர் யார், யார்?

முதலில் தாளில் ஐந்து கட்டம் போட்டு, இடமிருந்து வலமாக 1 முதல் 5 வரை எண் இடுங்கள். உறுதியாகத் தெரிந்ததை மட்டும் எழுதுங்கள்: 3-இல் குளச்சல். அடுத்து, பூதப்பாண்டியும் தோவாளையும் இணைபிரியாத ஜோடி. நடு இடம் நிரம்பிவிட்டதால் அவர்கள் 1, 2 ஆகிய இடங்களில் இருக்கலாம், அல்லது 4, 5 ஆகிய இடங்களில் இருக்கலாம். இரண்டு வரிசைகளையும் ஒன்றின்கீழ் ஒன்றாக எழுதுங்கள். ஊகித்து ஒன்றைத் தேர்ந்துகொள்ளும் ஆசையை அடக்குங்கள். முதல் வரிசையில், முனையில் இல்லாத சுசீந்திரத்துக்கு 4-ஆம் இடமே உண்டு. இரண்டாவதில் 2-ஆம் இடமே உண்டு. இப்போது கடைசிக் குறிப்பு வருகிறது. இரண்டாவது வரிசையில் 4-இல் இருக்கும் பூதப்பாண்டி 3-இல் இருக்கும் குளச்சலை ஒட்டி வருகிறது. அதனால் அவ்வரிசை அடிபட்டுப் போகிறது. ஆகவே பூதப்பாண்டி, தோவாளை, குளச்சல், சுசீந்திரம், தக்கலை என்பதே வரிசை. முனைகளில் இருப்பவர்கள் பூதப்பாண்டி மாணவரும் தக்கலை மாணவரும்.

இதில் மூன்று பாடங்கள் உள்ளன. ஒன்று, உறுதியான குறிப்பிலிருந்தே தொடங்க வேண்டும். அது வினாவில் முதலில்தான் வரும் என்பதில்லை. இரண்டு, 'இல்லை' என்று சொல்லும் குறிப்பை அற்பமாக எண்ணக்கூடாது; இங்கே முடிவு செய்தது அதுதான். மூன்று, எந்தக் குறிப்பிலும் பெயரே வராத தக்கலை மாணவருக்கும் ஓர் இடம் தானாகக் கிடைத்தது. எஞ்சியதும் ஒரு செய்தியே. ஓர் எச்சரிக்கையும் உண்டு. அவர்கள் தெற்கு நோக்கி இருந்தால் நம் தாளின் வலப்பக்கம் அவர்களுக்கு இடப்பக்கம் ஆகிவிடும். அந்த ஒரு சொல்லைப் படிக்காமல் விட்டால் எல்லா உழைப்பும் வீணாகும்.

உலகம் வேறு, வினா வேறு

அடுத்த வகை, கூற்றும் முடிவும். 'எல்லாப் பிச்சிகளும் பூக்கள். சில பூக்கள் சிவப்பு நிறம். ஆகவே சில பிச்சிகள் சிவப்பு நிறம்.' இது சரியா? தோவாளைச் சந்தையைப் பார்த்தவர் உடனே தவறு என்பார். விடை சரி, ஆனால் காரணம் சந்தையன்று. பூக்கள் என்று ஒரு பெரிய வட்டம் வரையுங்கள்; அதற்குள் பிச்சி ஒரு சிறு வட்டம். சிவப்பு வட்டம் பெரிய வட்டத்தை ஓரிடத்தில் வெட்டினால் போதும். சிறு வட்டத்தைத் தொடவேண்டிய கட்டாயம் இல்லை. கட்டாயம் இல்லாத முடிவு தருக்கத்தில் முடிவாகாது.

இதற்கு மாறானது ஒன்று: 'எல்லா மலைகளும் கடல்கள். மருந்துவாழ்மலை ஒரு மலை. ஆகவே மருந்துவாழ்மலை ஒரு கடல்.' கேட்டால் சிரிப்பு வருகிறது. ஆனால் தேர்வில் இந்த முடிவு சரியானது! கொடுத்த கூற்றுகளை உண்மையென ஏற்றுக்கொண்டால் என்ன தொடரும் என்பதுதான் வினா. கூற்று உண்மையா என்று யாரும் நம்மைக் கேட்கவில்லை. நன்றாகப் படித்த மாணவரும் இங்கே தவறுவதற்குக் காரணம், தாம் அறிந்ததை எல்லாம் வினாவுக்குள் கொண்டு போவதுதான்.

இன்னொரு பொறி, கூற்றைத் தலைகீழாகப் படிப்பது. புகை இருந்தால் நெருப்பு உண்டு என்றால், நெருப்பு இருந்தால் புகை உண்டு என்று ஆகிவிடாது. கனன்று கிடக்கும் கரியில் புகை ஏது? இந்த வேறுபாடு தேர்வுக்கு மட்டும் உரியதன்று. நாளிதழ்ச் செய்தியிலும் மேடைப் பேச்சிலும் விளம்பரத்திலும் இத்தகைய போலிகள் தினமும் நம்மைத் தேடி வருகின்றன.

திசைக் கணக்கில் நமக்கு ஒரு பேறு

நாஞ்சில் நாட்டில் வழி கேட்டால் இடது, வலது என்று சொல்லுவோர் குறைவு. "தெக்க போயி மேக்க திரும்பு" என்பார்கள். திசையறிவு நமக்குப் பேச்சோடு வந்தது. அதைத் தேர்வுக்குப் பயன்படுத்துங்கள். 'காலை வேளையில் ஒருவருடைய நிழல் அவருக்கு இடப்புறம் விழுகிறது. அவர் எத்திசையை நோக்கி நிற்கிறார்?' காலையில் கதிரவன் கிழக்கே, நிழல் மேற்கே. மேற்கு இடப்புறம் என்றால் முகம் வடக்கே. குமரிக் கடற்கரையில் கதிரவன் எழுவதையும் விழுவதையும் பார்த்து வளர்ந்த நமக்கு இது கடினமா?

பயிலும் முறை

எப்படிப் பயில்வது? நான் பரிந்துரைப்பது இதுவே. நாளொன்றுக்கு ஐந்து புதிர்கள் போதும்; ஆனால் ஒரு நாளும் தவறக்கூடாது. முதல் மாதம் கடிகாரத்தைப் பார்க்க வேண்டாம். சரியான முறை கைக்கு வந்த பின்னரே விரைவு வரும். விரைவை முதலில் தேடினால் தவறே பழக்கமாகும். விடைப் பக்கத்தை உடனே புரட்டாதீர்கள். பத்து நிமிடம் முயன்றும் விடை வராவிட்டால் மறுநாள் காலை மீண்டும் பாருங்கள்.

ஒரு பிழைக் குறிப்பேடு வைத்துக்கொள்ளுங்கள். தவறிய ஒவ்வொரு புதிருக்கும் எதிரே காரணத்தை எழுதுங்கள். வினாவைப் படித்ததில் பிழையா? படம் வரைந்ததில் பிழையா? சொல்லாததை ஊகித்த பிழையா? ஒரு மாதத்தில் உங்கள் பிழைகளில் பெரும்பாலானவை ஒரே வகையைச் சேர்ந்தவை என்பது தெரியவரும். ஆயிரம் புதிர் போட்டவரைவிடத் தம் பிழையின் வகையை அறிந்தவரே முன்னே செல்வார்.

வாரம் ஒருமுறை நீங்களே ஒரு புதிரை உருவாக்கி நண்பருக்குக் கொடுங்கள். எந்தக் குறிப்பு தேவை, எது மிகை என்பது புதிரைக் கட்டும்போதுதான் விளங்கும். இரண்டாம் மாதம் முதல் தேர்வாணையம் வெளியிட்டுள்ள பழைய வினாத்தாள்களை நேரம் குறித்துப் போட்டுப் பாருங்கள். இவை இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. மாவட்ட வேலைவாய்ப்பு அலுவலகங்களின் தன்னார்வப் பயிலும் வட்டங்களிலும் கட்டணமின்றிப் பயிற்சி தருகிறார்கள். எழுநூறு கிலோமீட்டர் கடந்து சென்னைக்குப் போய்ப் பணம் கட்டினால்தான் இது வரும் என்பதில்லை.

தேர்வுக்குத் தேர்வு விதி மாறும் என்பதையும் மறவாதீர்கள். குரூப் 4-இல் தவறான விடைக்கு மதிப்பெண் குறைப்பதில்லை. 'விடை தெரியவில்லை' என்று ஐந்தாவது கட்டமும் உண்டு. பணியாளர் தேர்வாணையத்தின் பட்டதாரித் தேர்வின் முதற்கட்டத்தில் தவறு ஒன்றுக்கு அரை மதிப்பெண் போய்விடும். குடிமைப்பணி முதனிலைத் தேர்விலோ அவ்வினாவின் மதிப்பெண்ணில் மூன்றிலொரு பங்கு போய்விடும். எங்கே துணிவது, எங்கே விடுவது என்று முடிவு செய்வதும் ஒரு தருக்கமே.

அந்த மாணவி இப்போது அதிகாலையில் தந்தைக்கு உதவிவிட்டுக் கல்லூரிக்கு வரும் பேருந்தில் புதிர் போடுகிறார். தேர்வு முடிவு இன்னும் வரவில்லை. வேலை கிடைக்குமா என்பதை நான் சொல்ல முடியாது. ஆனால் போன வாரம் ஒரு தாளை நீட்டி, "ஸார், இந்தப் புத்தகத்துல போட்டிருக்க விடை தப்பு, ரெண்டு வரிசை வருது, ஒரு குறிப்பு குறையுது" என்றார். போட்டுப் பார்த்தேன். அவர் சொன்னதே சரி. அச்சில் வந்த விடையையும் ஐயுற்று, ஆராய்ந்து, காரணம் காட்டி மறுக்கும் துணிவு அவருக்கு வந்துவிட்டது.

மாணவ நண்பர்களே, 'இது நமக்குச் செரிப்பட்டு வராது' என்பதும் ஒரு முடிவுதான். அது எந்தக் கூற்றிலிருந்து தொடர்கிறது? ஒரு தாளை எடுத்து எழுதிப் பாருங்கள்.