உடனிருந்து பார்க்கும் கேமரா: டேவிட் மக்டூகலின் ஆவணப்படங்கள்

மனிதர்களுடன் நெடுநாள் தங்கி, அவர்களுடைய அன்றாட வாழ்க்கையை அதன் போக்கிலேயே பதிவுசெய்வது அவதானிப்பு ஆவணப்படம். இதில் யாரும் நடிக்க வைக்கப்படுவதில்லை. பின்னணிக் குரல் ஒவ்வொரு காட்சிக்கும் பொருள் சொல்வதுமில்லை. தோளில் வைத்துப் படம்பிடிக்கும் 16 மி.மீ. கேமராவும், உதட்டசைவோடு பொருந்த ஒலியைப் பதியும் சிறிய கருவியும் 1960களில் புழக்கத்துக்கு வந்த பிறகே இவ்வகை வளர்ந்தது. இத்துறையின் முன்னோடிகளில் ஒருவர் டேவிட் மக்டூகல். 1939இல் அமெரிக்காவில் பிறந்த இவர், பின்னர் ஆஸ்திரேலியாவில் குடியேறினார்.

1968இல் மக்டூகலும் அவர் மனைவி ஜூடித்தும் உகாண்டாவின் வடகிழக்கில் உள்ள கரமோஜாவுக்குச் சென்றார்கள். மாடு மேய்த்து வாழும் ஜியே மக்களின் நிலம் அது. மந்தைகளைக் குறைக்கும்படி அரசு வற்புறுத்திக்கொண்டிருந்த, வறட்சி வாட்டிய காலம். அங்கே உருவான ‘மந்தைகளோடு வாழ்தல்’ என்ற கறுப்பு வெள்ளைப் படம் 1972இல் வெனிஸ் திரைப்பட விழாவில் பரிசு பெற்றது. படத்தின் தொடக்கத்தில் லோகோத் என்ற ஜியே மனிதர் தன் நிலப்பரப்பைத் தானே காட்டி அறிமுகப்படுத்துகிறார். பழங்குடிகளைப் பற்றிய அக்காலப் படங்களில் பெரும்பாலும் வெளியாள் ஒருவரின் வர்ணனையே கேட்கும். மக்டூகல் அம்மக்களின் பேச்சை அவர்கள் மொழியிலேயே விட்டு, அடியில் வசன மொழிபெயர்ப்பைச் சேர்த்தார். அதனால் பார்வையாளர்கள் ஜியே மக்களின் கவலையையும் வாதத்தையும் அவர்கள் வாயாலேயே கேட்க முடிந்தது.

அடுத்து, வடமேற்குக் கென்யாவின் துர்கானா மக்களிடையே 1973–74இல் படம்பிடித்து மூன்று படங்களை இருவரும் உருவாக்கினார்கள். அவற்றில் ‘திருமண ஒட்டகங்கள்’ ஒரு பரிசப் பேச்சைப் பின்தொடர்கிறது. லோராங் என்ற பெரியவர் தம் மகளைத் தம் பழைய நண்பருக்கே மணமுடித்துத் தர இசைகிறார். நண்பர்கள் என்பதால் எளிதில் முடியும் என்று எதிர்பார்த்த பேச்சு, எத்தனை ஒட்டகம், எத்தனை மாடு, எந்த உறவினருக்கு எவ்வளவு பங்கு என்று இழுபடுகிறது. கேட்கும் தரப்புக்கும் கொடுக்கும் தரப்புக்கும் இடையில் நட்பும் மானமும் ஊசலாடுவதைக் கேமரா பொறுமையாகத் தொடர்கிறது.

படமெடுப்பவர் கண்ணுக்குத் தெரியாத பார்வையாளராக ஒதுங்கி நிற்பது போதாது என்று 1975இல் வெளியான கட்டுரையொன்றில் மக்டூகல் வாதிட்டார். எடுப்பவரும் எடுக்கப்படுபவரும் சந்திப்பதால்தான் படம் பிறக்கிறது. அச்சந்திப்பை மறைப்பது நேர்மையாகாது என்பது அவர் நிலைப்பாடு. இதனாலேயே துர்கானா படங்களில் மக்டூகல் தம்பதி கேட்கும் கேள்விகளும் இடம்பெறுகின்றன.

பிறகு ஆஸ்திரேலியப் பழங்குடிச் சமூகங்களோடு சேர்ந்து இருவரும் பல படங்களை எடுத்தார்கள். 1993இல் வெளிவந்த ‘தெம்பஸ் தே பாரிஸ்தாஸ்’, இத்தாலியின் சார்தீனியத் தீவு மலைகளில் ஆடு மேய்க்கும் மூன்று ஆண்களைக் காட்டுகிறது. பதின்ம வயது மகன், முதிய தந்தை, இவர்களின் நண்பர் என்ற மூவர் வழியாக, மேய்ச்சல் தொழில் அடுத்த தலைமுறைக்குத் தாங்குமா என்ற கேள்வி எழுகிறது.

இந்தியாவும் அவருடைய களமானது. முசோரியின் புகைப்படக்காரர்களைப் பற்றி ஜூடித்துடன் ‘போட்டோ வாலாஸ்’ (1991) எடுத்தார். டேராடூனின் டூன் பள்ளி மாணவர்களைப் பற்றி ஐந்து படங்கள் எடுத்தார். ‘காந்தியின் குழந்தைகள்’ (2008) டெல்லியில் ஆதரவற்ற சிறுவர்கள் தங்கும் இல்லமொன்றைச் சித்திரிக்கிறது.

உலகம் கவனிக்காத மக்களைக் காட்சிப்பொருளாக்காமல், தங்கள் வாழ்வைப் பற்றித் தாங்களே பேசத் தெரிந்தவர்களாக மதித்ததே மக்டூகலின் பெரும் பங்களிப்பு. இவ்வகைப் படங்களைப் பார்க்க விரும்பும் நம் வாசகர்கள், களமும் மனிதர்களும் ஓரளவு பழக்கமான டூன் பள்ளிப் படங்களிலிருந்து தொடங்கலாம்.