பொறுப்பில் இருப்பவரின் எரிச்சல்: களைப்பா, காயமா?

யுத்தத்தால் பாதிக்கப்பட்டவர்களுடன் வேலை செய்யும் அலுவலகங்களுக்குச் செய்திக்காகப் போகும்போது நான் அடிக்கடி கேட்கும் வசனம் ஒன்று இருக்கிறது: "சேர் இண்டைக்குச் சூடாய் இருக்கிறார், பிறகு வாங்கோ." சிரித்துக்கொண்டுதான் சொல்வார்கள். ஆனால், அங்கே ஒரு பிழை நடந்தால் அதைச் சொல்லவும் பயப்படுவார்கள். பாதிப்பு கடைசியில் உதவி தேடி வரும் சனத்துக்குத்தான்.

இந்த எரிச்சலைச் சுபாவம் என்று விட்டுவிடுகிறோம். அதற்கு இரண்டு வேர்கள் இருக்கலாம்.

ஒன்று, 'பேர்ன் அவுட்' எனப்படும் பணிச் சோர்வு. சரியாகக் கையாளப்படாத நீண்டகால வேலை அழுத்தத்தின் விளைவு என்றே உலக சுகாதார ஸ்தாபனம் 2019இல் இதை வரையறுத்தது. நோய் என்று அல்ல. சக்தி வற்றிப்போதல், வேலையில் வெறுப்பு, தன்னால் எதுவும் ஆகவில்லை என்ற எண்ணம் ஆகியவை இதன் அடையாளங்கள். நிதி வழங்குநருக்கான அறிக்கை, முடியப்போகும் திட்டம், ஊரின் எதிர்பார்ப்பு எல்லாம் ஒருவர் தலையில் விழும்போது இது வருகிறது.

மற்றையது, யுத்தம் விட்டுச்சென்ற மனவடு. திடீர்க் கோபம், தூக்கமின்மை, சத்தத்துக்குத் திடுக்கிடுதல் என்பன அதன் அறிகுறிகள். காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகளது கதைகளை நாள்முழுவதும் கேட்பவர், தானும் ஒருவரைத் தேடிக்கொண்டிருப்பவராக இருக்கலாம். மே மாதம் நெருங்கும்போது அவருடைய கோபம் கூடுவதில் ஆச்சரியமில்லை.

இந்த வித்தியாசம் முக்கியமானது. வேலை குறைந்து, நாலு நாள் ஓய்வு கிடைத்ததும் மனம் இளகினால், மாற்றவேண்டியது வேலைப்பங்கீட்டை. வீட்டிலும் அதே கோபம், இரவிலும் விழிப்பு என்றால் லீவு மட்டும் போதாது. இரண்டும் சேர்ந்தும் இருக்கலாம்.

இரண்டு வாரங்களுக்குக் கோபம் வந்த நேரம், முதல்நாள் தூக்கம், அதற்குமுன் நடந்த விடயம் ஆகியவற்றைக் குறித்துப் பாருங்கள். கோபத்தில் எழுதிய பதிலை மறுநாள் காலைவரை அனுப்பாதீர்கள். அறிக்கை, கையொப்பம், களவேலை எல்லாவற்றையும் நீங்களே வைத்திருக்காமல் ஒன்றையாவது இன்னொருவரிடம் கொடுங்கள். பலர் முன்னால் ஏசியிருந்தால், அவர்கள் முன்னாலேயே மன்னிப்புக் கேளுங்கள். நிறுவனங்களும் துயரக் கதைகளைக் கேட்கும் பணியை முறைவைத்து மாற்றவேண்டும்.

அறிகுறிகள் வாரக்கணக்கில் தொடர்ந்தால் மாவட்ட வைத்தியசாலையின் உளநலப் பிரிவை நாடலாம். 1926 என்ற தேசிய உளநல உதவி இலக்கத்துக்கும் அழைக்கலாம்.

உதவி கேட்டால் மதிப்புக் குறையும் என்ற பயம் எங்கள் மத்தியில் உண்டு. ஆனால், மேலே இருப்பவர் கேட்டால்தான் கீழே இருப்பவருக்கும் கேட்கத் துணிவு வரும்.