அங்கோர் வாட் சூரிய உதயம்: அதிகாலை 4 மணிக்கு எழுந்திருப்பது எதற்காக?

கம்போடியாவின் சியெம் ரீப் நகரில் அதிகாலை 4.30 மணி வாக்கில் ஹோட்டல் வாசல்களில் சின்ன வேன்கள் வந்து நிற்கும். தூக்கக் கலக்கத்தோடு பத்து, பன்னிரண்டு பேர் ஏறுவார்கள். எல்லா வேன்களும் போகும் இடம் ஒன்றுதான்: அங்கோர் வாட். ஐந்து கோபுரங்களுக்குப் பின்னால் வானம் சிவக்கும் அந்தப் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். உங்கள் நண்பர்களில் யாராவது ஒருத்தர் இன்ஸ்டகிராமில் போட்டிருப்பார்.

சிங்கப்பூரிலிருந்து நேரடி விமானத்தில் போனால் இரண்டு மணி நேரத்துக்குச் சற்று அதிகம். விசா வேண்டாம். அதனால் பள்ளி விடுமுறை வந்தாலே பலர் இந்த 'சன்ரைஸ் டூர்' பற்றித் தேட ஆரம்பித்துவிடுகிறார்கள். 20 நிமிடக் காட்சிக்காக இவ்வளவு காசும் தூக்கமும் கொடுக்கணுமா?

காட்சிக்கு மட்டும் என்றால் வேண்டாம். அதற்குப் பிறகு வரும் இரண்டு மணி நேரத்துக்காக என்றால் தாராளமாகப் போகலாம். அந்த இரண்டு மணி நேரம் உங்களுக்குக் கிடைக்குமா என்பது எந்தக் குழுவோடு போகிறீர்கள் என்பதைப் பொறுத்தது.

சூரியன் ஏன் கோயிலுக்குப் பின்னால் எழுகிறது?

அங்கோர் வட்டாரத்தில் உள்ள பெரும்பாலான கோயில்கள் கிழக்கு நோக்கியவை. ஆனால் அங்கோர் வாட் மேற்குப் பார்த்து நிற்கிறது. நீங்கள் மேற்கு வாசல் வழியாக நுழைந்து கிழக்கே பார்க்கிறீர்கள். அதனால்தான் சூரியன் கோபுரங்களுக்குப் பின்னால் எழுவது போலத் தெரிகிறது. ஆண்டில் இரண்டு முறை, மார்ச் மாதமும் செப்டம்பர் மாதமும் பகலும் இரவும் சமமாக இருக்கும் நாள்களை ஒட்டி, சூரியன் நடுக் கோபுரத்தின் உச்சிக்கு நேர் மேலே வந்து நிற்கும். அந்த நாள்களில் கூட்டம் அலைமோதும்.

ஏன் மேற்கு? 12ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் இரண்டாம் சூரியவர்மன் இதை விஷ்ணுவுக்காகக் கட்டினார். விஷ்ணுவுக்கு உரிய திசை மேற்கு என்பது ஒரு விளக்கம். மேற்கு மரணத்தின் திசை, இது மன்னரின் நினைவுக் கோயிலாகவும் இருக்க வேண்டும் என்பது இன்னொன்று. இரண்டாவது கருத்தைச் சொல்பவர்கள் ஒரு சுவையான ஆதாரம் காட்டுவார்கள். நாம் கோயிலில் வலம் வருவோம், இல்லையா? இங்கே சுவர்ச் சிற்பங்களை வரிசைப்படி பார்க்க இடமாகச் சுற்ற வேண்டும். ஈமச் சடங்குகளில் சுற்றும் முறை அது. ஆய்வாளர்களிடையே இன்னும் ஒருமித்த முடிவு இல்லை.

எத்தனை மணிக்கு, எங்கே நிற்பது?

கம்போடியா நமக்கு ஒரு மணி நேரம் பின்னால். இங்கே 7 மணிக்கு விடிந்து பழகியவர்களுக்கு அங்கே சூரியன் ரொம்ப சீக்கிரம் வந்துவிடும். ஜூன் மாதத்தில் 5.35 மணி வாக்கில், ஜனவரியில் 6.25 மணி வாக்கில். ஆனால் வானத்தில் நிறம் மாறுவது அதற்கும் அரை மணி நேரம் முன்பே. நல்ல படங்கள் எல்லாம் அப்போது எடுக்கப்பட்டவைதான். சூரியன் மேலே வந்த பிறகு கோயில் வெறும் கறுப்பு நிழலாகத்தான் விழும்.

அங்கோர் வாட் காலை 5 மணிக்குத் திறக்கும். உள்ளே நீண்ட கல் நடைபாதையின் இருபுறமும் ஒவ்வொரு குளம் உண்டு. எல்லாரும் இடப்பக்கக் குளத்துக்குத்தான் ஓடுவார்கள். காரணம் இருக்கிறது. நேராக நின்று பார்த்தால் மூன்று கோபுரங்கள்தான் தெரியும், மற்ற இரண்டும் மறைந்துவிடும். இடப்பக்கம் தள்ளி நின்றால் ஐந்தும் தெரியும், தண்ணீரில் பிம்பமும் விழும்.

நவம்பர் முதல் பிப்ரவரி வரை வானம் தெளிவாக இருக்கும், கூட்டமும் அதிகம். மே முதல் அக்டோபர் வரை மழைக்காலம். குளம் நிறைந்திருக்கும், ஆனால் மேகம் மூடிவிட்டால் சூரியன் தெரியாது. எந்த நிறுவனமும் சூரியனுக்கு உத்தரவாதம் தர முடியாது. ஏப்ரலில் போகாமல் இருப்பது நல்லது. காலை 9 மணிக்கே வெயில் கொளுத்தும்.

சின்னக் குழு என்றால் எதற்குக் காசு கொடுக்கிறோம்?

சூரிய உதயம் பார்க்க வழிகாட்டி தேவையில்லை. ஒரு துக்துக் பிடித்தால் போதும், அவர் வாசலில் இறக்கிவிட்டுக் காத்திருப்பார். ஆனால் துக்துக் ஓட்டுநர் கோயிலுக்குள் வந்து விளக்கம் சொல்ல முடியாது. அதற்குக் கம்போடியச் சுற்றுலா அமைச்சின் உரிமம் பெற்ற வழிகாட்டி வேண்டும். சின்னக் குழுவில் நீங்கள் கொடுக்கும் பணம் முக்கியமாக அவருக்குத்தான், வேனுக்கு அல்ல.

40 பேர் பேருந்தில் போனால் வழிகாட்டி கொடியைத் தூக்கிக்கொண்டு நடப்பார், நீங்கள் பின்னால் ஓடுவீர்கள். 10 பேர் என்றால் ஒரு சிற்பத்தின் முன்னால் எல்லாரும் நிற்க இடமிருக்கும், கேள்வியும் கேட்கலாம். சிற்பக் கூடங்கள் குறுகலானவை. அங்கே இந்த வித்தியாசம் நன்றாகவே தெரியும்.

முன்பதிவு செய்வதற்கு முன்னால் நான் கேட்கச் சொல்வது ஒரே ஒரு கேள்வி: "சூரிய உதயம் முடிந்ததும் நேராகக் கோயிலுக்குள் போவீர்களா, காலை உணவுக்குப் போவீர்களா?" வெளிச்சம் வந்ததும் குளக்கரைக் கூட்டத்தில் பெரும்பகுதி பசியாற ஹோட்டலுக்குத் திரும்பிவிடும். அந்த நேரத்தில் உள்ளே போகும் குழுவுக்குக் கோயில் ஏறக்குறைய காலியாகக் கிடைக்கும். உணவை முதலில் வைக்கும் குழு, 9 மணிக்கு மேல் பேருந்துக் கூட்டத்தோடு சேர்ந்து உள்ளே நுழையும். விலை ஒன்றாக இருக்கலாம், கிடைப்பது ஒன்றல்ல. (உணவுப் பொட்டலம் கொடுப்பார்கள் என்றால், சைவம் சாப்பிடுபவர்கள் முந்தின நாளே சொல்லிடுங்க.)

அந்த இரண்டு மணி நேரத்தில் என்ன பார்க்கலாம்?

காலை வெயில் கிழக்குப் பக்கச் சுவரில்தான் விழும். அங்கேதான் அங்கோர் வாட்டின் மிகப் புகழ்பெற்ற சிற்பம் இருக்கிறது: பாற்கடல் கடையும் காட்சி. கிட்டத்தட்ட 49 மீட்டர் நீளம். ஒரு பக்கம் 92 அசுரர்கள், மறுபக்கம் 88 தேவர்கள், நடுவில் விஷ்ணு, கயிறாக வாசுகிப் பாம்பு. கதை நமக்குத் தெரிந்ததுதான். ஆனால் இவ்வளவு பெரிதாக, ஒவ்வொரு முகத்தையும் செதுக்கிப் பார்த்திருக்க மாட்டீர்கள்.

தெற்குச் சுவரில் எமன் எருமை மேல் உட்கார்ந்திருப்பார். அவர் சபையில் சித்திரகுப்தனும் உண்டு. கீழே நரகத்தின் தண்டனைகள் ஒவ்வொன்றாகச் செதுக்கப்பட்டிருக்கும். பாட்டியிடம் இந்தக் கதை கேட்டு வளர்ந்தவர்கள் அங்கே கொஞ்ச நேரம் கூடுதலாக நிற்பார்கள். மேற்குச் சுவரில் ஒரு பாதி குருஷேத்திரப் போர், அம்புப் படுக்கையில் பீஷ்மர். மறுபாதி இலங்கைப் போர், அனுமன் தோள் மேல் ராமர், எதிரே இருபது கைகளோடு ராவணன். கம்போடியர்களுக்கு ராமாயணத்தின் சொந்த வடிவம் உண்டு. அதன் பெயர் ரியாம்கேர்.

மேற்கு வாசல் கட்டடத்தில் எட்டுக் கைகளோடு ஒரு பெரிய விஷ்ணு சிலை நிற்கிறது. அதற்குப் பட்டுத் துணி போர்த்தி, ஊதுவத்தி ஏற்றி உள்ளூர் மக்கள் இன்றும் வணங்குகிறார்கள். அவர்கள் அதை 'தா ரீச்' என்று அழைக்கிறார்கள். கோயில் பௌத்த வழிபாட்டுக்கு மாறிப் பல நூற்றாண்டுகள் ஆகின்றன. 1860இல் பிரெஞ்சுப் பயணி ஹென்றி மூஓ இங்கு வந்த பிறகு 'காட்டில் தொலைந்த நகரம்' என்று ஐரோப்பாவில் கதை பரவியது. உண்மையில் அவர் வந்தபோதும் இங்கே பிக்குகள் இருந்தார்கள். யாரும் எதையும் தொலைக்கவில்லை!

நடுக் கோபுரத்தின் உச்சி, தரையிலிருந்து 65 மீட்டர். அதைச் சுற்றியுள்ள மேல்தளத்துக்கு 'பாக்கான்' என்று பெயர். ஒரு நேரத்தில் 100 பேருக்கு மட்டுமே அனுமதி. 12 வயதுக்குக் கீழ் உள்ள பிள்ளைகள் ஏற முடியாது. பௌத்தப் புனித நாள்களில் மூடியிருக்கும். உதயம் முடிந்து உள்ளேயே இருப்பவர்கள் வரிசை சேர்வதற்கு முன்னால் ஏறிவிடலாம்.

பிறகு வழக்கமாகக் குழுக்கள் தா ப்ரோமுக்கும் பயோனுக்கும் போகும். தா ப்ரோம், மரவேர்கள் சுவரை விழுங்கும் இடம். ஏழாம் ஜெயவர்மன் 1186இல் தம் தாயின் நினைவாக எழுப்பியது. இந்தியத் தொல்லியல் துறை அங்கே பல ஆண்டுகளாகச் சீரமைப்பில் உதவி வருகிறது. பயோனில் கல் முகங்கள் உங்களைப் பார்த்துச் சிரிக்கும். இந்தக் கோயில்கள் 7.30க்குத்தான் திறக்கும். 'உதயத்துக்கு முன்பே தா ப்ரோம்' என்று யாராவது விளம்பரம் செய்தால் நம்ப வேண்டாம்.

இதைக் கட்டியது சோழர்களா?

வாட்ஸ்அப்பில் அடிக்கடி வரும் தகவல் இது. இல்லை. கட்டியவர்கள் கெமர் மன்னர்களும் கெமர் மக்களும். மணற்கல்லைக் குலென் மலையடிவாரத்திலிருந்து கொண்டுவந்தார்கள்.

தொடர்பே இல்லை என்றும் சொல்ல முடியாது. கெமர் எழுத்து, தென்னிந்தியாவில் பல்லவர் காலத்தில் புழங்கிய எழுத்திலிருந்து வளர்ந்தது. முதலாம் குலோத்துங்கச் சோழன் காலத்துச் சிதம்பரம் கல்வெட்டு ஒன்று, காம்போஜ மன்னர் அனுப்பிய ஒரு கல்லைப் பற்றிச் சொல்கிறது. 'அங்கோர்' என்ற பெயரே 'நகரம்' என்ற சொல்லோடு உறவுள்ளது. சமஸ்கிருத 'நகர' கெமர் மொழியில் 'நொகோர்' ஆனது. 'வாட்' என்றால் கோயில். இவ்வளவு தெரிந்துகொண்டு போனாலே வழிகாட்டியோடு பேச நிறைய விஷயம் கிடைக்கும். 'எங்க ஆளுங்க கட்டினது' என்று ஆரம்பித்தால் அவர் சிரித்துக்கொண்டே தலையாட்டுவார், அதோடு பேச்சு முடிந்துவிடும்.

கட்டணம், உடை, மற்றவை

ஒரு நாள் நுழைவுச் சீட்டு 37 அமெரிக்க டாலர், நம் காசில் கிட்டத்தட்ட 50 வெள்ளி. மூன்று நாள் சீட்டு 62 டாலர், அதை 10 நாளுக்குள் பயன்படுத்தலாம். ஏழு நாள் 72 டாலர். 12 வயதுக்குக் கீழ் இலவசம், கடப்பிதழ் காட்ட வேண்டும். பெரும்பாலான சின்னக் குழுக்களின் விலையில் இந்தச் சீட்டு சேராது. இணையத்தில் பார்த்த விலை மலிவாக இருந்தால் முதலில் இதைச் சரிபாருங்கள். சீட்டை அங்கோர் எண்டர்பிரைஸ் இணையத்தளத்திலோ அவர்களின் முகப்பிலோ மட்டும் வாங்குங்கள். அதில் உங்கள் படம் இருக்கும், வேறொருவருக்குக் கொடுக்க முடியாது. முந்தின நாள் மாலை 5 மணிக்கு மேல் வாங்கினால் அன்றைய அஸ்தமனத்தையும் பார்த்துவிட்டு, மறுநாள் முழுவதும் அதே சீட்டைப் பயன்படுத்தலாம்.

தோளும் முழங்காலும் மூடிய உடை கட்டாயம். மேலே ஒரு சால்வையைப் போர்த்திச் சமாளிக்கலாம் என்று நினைக்காதீங்க, பாக்கான் வாசலில் திருப்பி அனுப்பிவிடுவார்கள். கைவிளக்கு ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள், படிகள் இருட்டில் சமமாக இருக்காது. சிற்பங்களைத் தொட வேண்டாம். அங்கோர் வாட்டில் 1,700க்கும் மேற்பட்ட தேவதைச் சிற்பங்கள் உள்ளன. சிலவற்றில் கை பட்டுக் கை பட்டே கல் பளபளத்துவிட்டது.

2023 அக்டோபரில் திறந்த புதிய விமான நிலையம் நகரிலிருந்து சுமார் 50 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. இரவு தாமதமாகத் தரையிறங்கி மறுநாளே 4 மணிக்கு எழும்படி திட்டம் போடாதீர்கள். 2025இல் தாய்லந்து–கம்போடிய எல்லையில் மோதல் வெடித்தபோது தரைவழிச் சாவடிகள் மூடப்பட்டன. பேங்காக்கிலிருந்து பேருந்தில் போகலாம் என்ற பழைய பயணக் குறிப்புகளை நம்பாமல், புறப்படுவதற்கு முன் வெளியுறவு அமைச்சின் பயண அறிவிப்பைப் பாருங்கள்.

கோயிலைச் சுற்றி வாழ்பவர்கள்

படங்களில் தெரியாத ஒன்று: அங்கோர் பூங்கா வெறும் இடிபாடு அல்ல, உள்ளே கிராமங்கள் உண்டு. 2022 முதல் சுமார் 10,000 குடும்பங்களை அங்கிருந்து ருன் தா ஏக் போன்ற புதிய குடியிருப்புகளுக்கு அனுப்பும் வேலை நடந்தது. விருப்பப்பட்டவர்கள்தான் போகிறார்கள், உலக மரபுடைமைத் தலத்தைக் காக்க இது தேவை என்கிறது அரசாங்கம். பலர் கட்டாயத்தின் பேரில் போனார்கள் என்று அம்னெஸ்டி இண்டர்நேஷனல் 2023இல் அறிக்கை வெளியிட்டது. இதைப் பற்றி வழிகாட்டியிடம் கூட்டத்துக்கு நடுவே கேட்டுச் சங்கடப்படுத்த வேண்டாம். அவராகச் சொன்னால் கேளுங்கள்.

கோயில் வாசலில் சிறுபிள்ளைகள் அஞ்சல் அட்டையும் காந்த வில்லையும் விற்க வருவார்கள். மனசு கேட்காது. ஆனால் பிள்ளைகளிடம் எதுவும் வாங்க வேண்டாம், காசோ மிட்டாயோ கொடுக்க வேண்டாம் என்கிறது அங்கோரை நிர்வகிக்கும் அப்சரா ஆணையத்தின் நடத்தை விதி. விற்பனை நடந்தால் பிள்ளை பள்ளிக்குப் போகாது. உங்கள் நுழைவுச் சீட்டிலிருந்து 2 டாலர் ஏற்கெனவே காந்தா போபா சிறுவர் மருத்துவமனைக்குப் போகிறது. அங்கே சிகிச்சை இலவசம்.