ஏலத்தோட்டத்தின் காவற்பூச்சி

பொட்டிபுரம், போடிநாயக்கனூர் முதலிய ஊர்களிலிருந்து ஏலமலைக்குச் செல்வோர், தோட்டங்களில் மருந்து தெளிப்பதை அடிக்கடி காண்பர். அம்மருந்து பயிரை அழிக்கும் புழுவை மாத்திரமா கொல்லுகிறது? ஏலப்பூவில் மகரந்தம் சேர்க்கும் தேனீயும், புழுக்களைத் தின்னும் கொலைகார நாவாய்ப்பூச்சியும் உடன் மடிகின்றன.

இந்நாவாய்ப்பூச்சி தன் கூரிய அலகை இரையினுட் செலுத்தி, நச்சு உமிழ்நீரால் அதனைச் செயலறச் செய்து, கரைந்த சாற்றை உறிஞ்சுகிறது. பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியார் இவ்வினத்தை வளர்த்து, நிலக்கடலைப் புழுக்களை அது அழிக்குந் திறத்தை ஆராய்ந்துள்ளனர்.

ஏலத்தண்டினுட் புகுந்துவிட்ட புழுவையோ இப்பூச்சியும் எட்டாது. மருந்தும் எளிதில் எட்டாது. ஆகவே, நாட்கணக்கு வைத்து ஓயாது தெளிப்பதை விடுத்து, அந்துப்பூச்சி தோன்றியபின், இளம்புழு துளைத்து உட்செல்லுமுன், அளவறிந்து தெளித்தலே நலம். கூலி கேளாத காவலாளியை நாமே கொல்லலாமோ?