தப்பினாலும் தூக்கம் இல்லை! ஒரு மாதம் தாண்டியும் விடாத பயம் காத்து கருப்பு அல்ல, நோய்!

திருநகர்,-

2023-ம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 26-ந் தேதி. ஊர் அசந்து தூங்கிய நேரம். திருநகரை அடுத்த திருப்பரங்குன்றம் ரெயில் பாதையில் புனலூர்-மதுரை எக்ஸ்பிரஸ் கடந்து போனது. நாகர்கோவிலில் சேர்த்த ஒரு சுற்றுலாப் பெட்டியும் அதில் இருந்தது. உத்தரப்பிரதேசத்தில் இருந்து கோவில் குளம் பார்க்க வந்தவர்கள் அதற்குள் இருந்தார்கள்.

மதுரை ஜங்ஷனில் அந்தப் பெட்டியைக் கழற்றித் தனியாக நிறுத்தினார்கள். காலை 5.15 மணி அளவில் அது தீப்பிடித்து எரிந்தது! சட்டவிரோதமாகக் கொண்டு வந்த சமையல் கியாஸ் சிலிண்டரே காரணம் என்று ரெயில்வே அறிவித்தது. 9 பேர் கருகி மாண்டார்கள்.

செத்தவர் கணக்கு போலீசில் இருக்கிறது. காயம் பட்டவர் கணக்கு ஆஸ்பத்திரியில் இருக்கிறது. கீறல் கூட இல்லாமல் தப்பியவர்கள், பிணத்தை வெளியே தூக்கியவர்கள், கண்ணால் பார்த்தவர்கள்? இவர்களில் யாருக்கு ராத்தூக்கம் போனது என்று எந்த நோட்டிலும் எழுதுவது இல்லை.

"பயந்திருக்கான்!"

ரெயில் தீ தான் வேண்டும் என்பது இல்லை. திருமங்கலம் ரோட்டில் லாரி மோதி, பக்கத்தில் வந்தவர் கண் முன்னே செத்தாலும் போதும். தப்பியவர் நடு ராத்திரியில் அலறி எழுந்திருப்பார். வேர்த்துக் கொட்டும். பைக்கைத் தொட மாட்டார். பட்டாசு வெடித்தால் உடம்பு தூக்கிப் போடும்.

இந்தப் பக்கத்தில் வீட்டார் சொல்வது என்ன? "பயந்திருக்கான். காத்து கருப்பு அடிச்சிருக்கு" என்பார்கள். கோடாங்கியிடம் குறி கேட்பார்கள். மந்திரிச்சுக் கயிறு கட்டுவார்கள். "ஆம்பளைப் புள்ள இப்படியா நடுங்குறது?" என்று பெரியவர்கள் ஏசுவதும் உண்டு. அவமானத்துக்குப் பயந்து அவர் பிராந்திக் கடைப் பக்கம் போவார். குடித்தால் அன்றைக்குத் தூக்கம் வரலாம். ஆனால் நோய் முற்றும், குடும்பமும் கெடும்.

திருநீறு பூசுவதில் தப்பு இல்லை. அதோடு நின்று விடுவது தான் ஆபத்து!

நாளை எண்ணுங்கள்

டாக்டர்கள் நாள் கணக்கு வைத்திருக்கிறார்கள். விபரீதம் நடந்த முதல் இரண்டு மூன்று நாள் நடுக்கம் யாருக்கும் வரும். அது நோய் அல்ல. மூன்று நாள் தாண்டி ஒரு மாதத்துக்குள் ஆளையே முடக்கினால் அது 'உடனடி அதிர்ச்சிக் கோளாறு'. ஒரு மாதம் கழிந்தும் விடவில்லை என்றால் 'பி.டி.எஸ்.டி.' என்ற அதிர்ச்சிக்குப் பிந்தைய கோளாறு. சிலருக்கு ஆறு மாதம் கழித்துக் கூட முழு உருவம் எடுக்கும்.

அடையாளங்கள் வருமாறு:-

* நடந்தது கனவிலும் நினைவிலும் திரும்பத் திரும்ப வரும். இப்போதே நடப்பது போலத் தெரியும்.

* அந்த இடம், அந்த ஆள், அந்தப் பேச்சு எதுவும் வேண்டாம் என்று ஒதுங்குவார்.

* பெற்ற பிள்ளையிடம் கூடப் பாசம் மரத்துப் போகும். "எல்லாம் என்னால தான்" என்று தன்னையே பழிப்பார்.

* எப்போதும் திடுக்கிடுவார். தூக்கம் இராது. எரிந்து விழுவார்.

திருடன் போன பிறகும் காலடிச் சத்தம் கேட்கும் போதெல்லாம் வீட்டு நாய் குரைக்குமே, அது போலத் தான். ஆபத்து முடிந்தது என்பதை மூளை நம்ப மறுக்கிறது.

யுத்தத்துக்குப் போன சிப்பாய்களிடம் இதைப் பார்த்தவர்கள் முதலில் கோழைத்தனம் என்றார்கள். அமெரிக்க மனநல டாக்டர்கள் சங்கம் 1980-ல் தான் இதை நோய்ப் பட்டியலில் சேர்த்தது.

எல்லோருக்கும் வருமா?

வராது. இப்படிப்பட்ட விபரீதத்தைச் சந்தித்தவர்களில் 100-க்கு 5 அல்லது 6 பேருக்குத் தான் பி.டி.எஸ்.டி. வருகிறது என்கிறது உலக சுகாதார நிறுவனம். பாலியல் கொடுமைக்கு ஆளானவர்களுக்கு அதிகம் வரும். ஏழை, நடுத்தர நாடுகளில் நோய் கண்ட 4 பேரில் ஒருவர் தான் சிகிச்சை தேடுகிறார்.

தமிழ்நாடு இதற்கு முன்பும் அடிபட்டது. 2004-ம் ஆண்டு ஜூலை 16-ந் தேதி கும்பகோணம் பள்ளித் தீயில் 94 பிஞ்சுகள் கருகின. அதே ஆண்டு டிசம்பர் 26-ந் தேதி சுனாமி. கடலிலேயே பிறந்து வளர்ந்த நாகப்பட்டினத்துப் பிள்ளைகள் கடலைப் பார்க்கவே அஞ்சினார்கள். அப்போது பெங்களூர் நிமான்ஸ் டாக்டர்கள் வந்து, ஆசிரியர்களுக்கும் ஊர்த் தொண்டர்களுக்கும் பயிற்சி கொடுத்தார்கள். பிள்ளைகளை விளையாட விட்டு, படம் வரைய வைத்து, கொஞ்சம் கொஞ்சமாகத் தேற்றினார்கள்.

என்ன செய்வது?

முதல் சில நாள் சாப்பாடு, தூக்கம், பக்கத்தில் ஒரு துணை. இது தான் மருந்து. "என்ன நடந்துச்சு, சொல்லு" என்று வருகிறவர் எல்லாம் தோண்டக் கூடாது. அவராகப் பேசினால் குறுக்கிடாமல் கேட்க வேண்டும். அக்கம்பக்கத்தில் கேட்டுத் தூக்க மாத்திரை வாங்கிக் கொடுக்காதீர்கள்.

ஒரு மாதம் தாண்டினால் மனநல டாக்டரிடம் போக வேண்டும். பயந்த விஷயத்தை டாக்டரின் துணையோடு மெல்ல மெல்ல எதிர்கொள்ள வைக்கும் பேச்சு சிகிச்சை தான் முக்கியமானது. பெரும்பாலும் 8 முதல் 12 தடவை போக வேண்டி இருக்கும். தேவைப்பட்டால் மாத்திரையும் உண்டு. அது வேலை செய்யச் சில வாரம் ஆகும். பாதியில் விடக் கூடாது.

"செத்துப் போயிடலாம் போல இருக்கு" என்று ஒரு வார்த்தை வந்தால் ஒரு மாதம் காத்திருக்க வேண்டாம். அன்றே கூட்டிப் போங்கள்!

திருநகர்க்காரர்கள் வெகு தூரம் அலைய வேண்டியது இல்லை. மதுரை அரசு ராஜாஜி ஆஸ்பத்திரியில் மனநலப் பிரிவு இருக்கிறது. 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் எந்த நேரமும் தமிழில் பேசலாம், கட்டணம் கிடையாது.