'சீட்டு வேணாம், பார்சல் வந்துடும்': ஆன்லைனில் மாத்திரை விற்றால் எத்தனை ஆண்டு சிறை?

"தூக்கம் வரலையா? டாக்டர் சீட்டு வேணாம். யுபிஐ பண்ணுங்க, நாளைக்கே பார்சல் வந்துடும்."

டெலிகிராம் குழுவில் இப்படி மெசேஜ் போடுபவருக்கு அது சைடு பிசினஸாகத் தெரியலாம். ஆனால் சட்டப்படி அது சிறைத் தண்டனைக்குரிய குற்றம்.

ஆன்லைன் மருந்து விற்பனையே குற்றமா?

இல்லை. ஆன்லைன் மருந்தகங்களுக்கென வரைவு விதிகளை மத்திய அரசு 2018 ஆகஸ்ட்டில் வெளியிட்டது. உரிமம் இல்லாத ஆன்லைன் விற்பனைக்கு டெல்லி உயர் நீதிமன்றம் அதே ஆண்டு டிசம்பரில் தடை விதித்தது. தெருமுனை மெடிக்கல் ஷாப்பைக் கட்டுப்படுத்தும் 1940-ம் ஆண்டு மருந்துகள் மற்றும் அழகுசாதனப் பொருட்கள் சட்டம்தான் செயலிகளுக்கும் பொருந்தும். உரிமம் வேண்டும், பதிவுபெற்ற மருந்தாளுநரின் மேற்பார்வை வேண்டும். ஹெச், ஹெச்1, எக்ஸ் அட்டவணை மருந்துகளுக்கு டாக்டர் சீட்டும் கட்டாயம்.

லைசென்ஸ் இல்லாமல் விற்றால்?

பிரிவு 27-ன்படி 3 முதல் 5 ஆண்டு வரை சிறை. அபராதம் குறைந்தது ரூ.1 லட்சம் அல்லது பறிமுதலான மருந்தின் மதிப்பைப் போல 3 மடங்கு, இதில் எது அதிகமோ அது.

மருந்து போலி என்றால் குறைந்தது 7 ஆண்டு, அதிகபட்சம் ஆயுள். அதைச் சாப்பிட்டவர் இறந்தால் குறைந்தது 10 ஆண்டு. 'போலின்னு எனக்குத் தெரியாதுங்க' என்று சொன்னால் மட்டும் போதாது. தரம் தெரியாது என்பது தற்காப்பு ஆகாது என்கிறது பிரிவு 19.

எப்போது போதைப்பொருள் வழக்காகும்?

அல்பிரசோலம் தூக்க மாத்திரையும், 2018-ல் பட்டியலில் சேர்ந்த டிரமடால் வலி மாத்திரையும் 1985-ம் ஆண்டு போதைப்பொருள் தடுப்புச் சட்டத்துக்குள்ளும் வருகின்றன. டிரமடால் 250 கிராமைத் தாண்டினால் அது 'வணிக அளவு'. தண்டனை 10 முதல் 20 ஆண்டு, ஜாமீன் கிடைப்பதும் கடினம்.

250 கிராம் பெரிய அளவாகத் தோன்றலாம். ஆனால் மருந்தின் எடையை மட்டுமல்ல, கலந்திருக்கும் மாவுப்பொருளோடு சேர்த்து மொத்த எடையைத்தான் கணக்கிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020-ல் தீர்ப்பளித்தது. ஒரு மாத்திரையின் மொத்த எடை கால் கிராம் என்று வைத்துக்கொண்டால், ஆயிரத்தைத் தாண்டினாலே வணிக அளவுதான். ஒரு அட்டைப்பெட்டி போதும்.

'நான் பார்சல்தான் அனுப்பினேன்'

தெரிந்தே பார்சல் அனுப்பியவர், பணம் வாங்க வங்கிக் கணக்கைக் கொடுத்தவர், குழுவை நடத்திய அட்மின் ஆகியோர் மீது உடந்தை, கூட்டுச்சதி என்று வழக்கு வரலாம். பிரிவு 29-ன்படி தண்டனை முக்கியக் குற்றவாளிக்கு உள்ளதேதான். கையில் போதை மாத்திரை இருந்தது நிரூபணமானால், அது தெரிந்தே வைத்திருந்ததாக நீதிமன்றம் அனுமானிக்கும். தெரியாது என்பதைக் குற்றம்சாட்டப்பட்டவர்தான் நிரூபிக்க வேண்டும். தகவல் கிடைத்த பிறகும் விளம்பரத்தை நீக்காத இணையதளம், ஐடி சட்டத்தின் பிரிவு 79 தரும் பாதுகாப்பை இழக்கும்.

வாங்குபவர்கள் என்ன பார்க்க வேண்டும்?

பில்லில் கடையின் பெயரும் உரிம எண்ணும் இருக்கிறதா, சீட்டு கேட்டார்களா என்று பாருங்கள். சந்தேகம் வந்தால் மாநில மருந்துக் கட்டுப்பாட்டுத் துறையில் புகார் செய்யலாம்.

இன்னொன்று: 'அப்பாவுக்கு வாங்கின மாத்திரை மிச்சம் இருக்கு, ஆன்லைன்ல வித்துடலாம்' என்று நினைக்காதீர்கள். ஒரே ஒரு அட்டை என்றாலும் அது லைசென்ஸ் இல்லாத விற்பனைதான்.